கணினியினுள்ளே ஒரு பொது நூல்நிலையம்

நமது கல்லூரி நூல்நிலையத்தின் நடுமேசையிலே பேரகராதி ஒன்று எந்நாளும் விரித்தபடியே கிடக்கும். கீழ்வகுப்பு மாணாக்கன் ஒருவன் ஒரு சொல்லுக்குப் பொருள் தேடி வருவான். அவன் அகன்றதும் மேல்வகுப்பு மாணாக்கன் தன் கட்டுரைக்காக அதே அகராதியைப் புரட்டுவான். மாலையிலே ஆசிரியரும் வந்து அதனையே நாடுவார். ஒவ்வொருவரும் தத்தம் புத்தகப் பையிலே ஓர் அகராதியைச் சுமந்து வரவேண்டுமென்று எவரும் விதிக்கவில்லை. நூல் ஒன்று, அதனாற் பயன்கொள்வோர் பலர். அங்ஙனமே அந்நூலின் ஏடொன்று கிழிந்துவிடின் இழப்பும் பலர்க்கே ஆகின்றது.

இக்காலத்துக் கணினியினுள்ளேயும் இத்தகைய நூல்நிலையம் ஒன்று இயங்குகின்றது. அதன்கண் உள்ள நூல்களைத் தொழினுட்பவியலார் 'ஷெயார்ட் லைபிரரி' என்பர். பகிர்வு நூலகக் கோப்புக்கள் என்று தமிழிற் கூறலாம். இக்கட்டுரையிலே சுருக்கம் கருதி அவற்றைப் 'பொதுநூல்' என வழங்குவோம். பெயர்ப்பட்டியல்களையும் கணக்குகளையும் காத்துவைக்கும் தரவுத்தள மென்பொருளும், வருவோர் இன்னாரென அறிந்து உள்ளே விடும் அடையாளச் சரிபார்ப்பு மென்பொருளும் இப்பொதுநூல்களையே நம்பி நிற்கின்றன. அந்நம்பிக்கையின் இயல்பையும் அதனோடு சேர்ந்து வரும் பொறுப்பையும் நம் மாணாக்கர் அறிந்திருத்தல் நன்று.

தமிழாசிரியனுக்குக் கணினியினுள்ளே என்ன வேலை என்று பழைய மாணவ நண்பர் சிலர் வினவக்கூடும். காரைதீவிலே 1892ஆம் ஆண்டிற் பிறந்து, தமிழையும் விஞ்ஞானத்தையும் ஒருங்கே கற்று, 1930களிலே சென்னையிற் கலைச்சொல்லாக்கப் பணிக்குத் தலைமை தாங்கியவர் விபுலாநந்த அடிகள். அவர் பிறந்த இவ்வாவிக்கரையிலே அவ்வினா எழ வேண்டுவதில்லை. அன்றியும், கணினியினுள்ளே யான் நுழைந்தது விரும்பியன்று. ஒரு பெரியவரின் பெயர் என்னை அங்கே இழுத்துச் சென்றது.

பதிவிலே இல்லாத பெயர்

சில ஆண்டுகளுக்கு முன்னர் யான் அறிந்த ஒரு பாடசாலையின் அலுவலகத்திலே நிகழ்ந்தது இது. அங்கிருந்த பழைய சேர்விடாப்புக்களை இளைஞர் சிலர் பெரிதும் முயன்று கணினியிலே ஏற்றியிருந்தனர். மாலை வேளைகளிலே யானும் சென்று, மங்கிய கையெழுத்துக்களை வாசித்துச் சொல்லி உதவினேன். வேலை முடிந்தபின் சேர்விலக்கத்தைத் தட்டினால் கண்ணிமைப்பொழுதிலே மாணாக்கனின் விவரம் திரையில் வந்து நிற்கும். அது கண்டு அனைவரும் மகிழ்ந்தோம்.

ஒரு நாள் நாவலடியைச் சேர்ந்த பெரியவர் ஒருவர் தமது விடுகைப் பத்திரத்தின் பிரதி வேண்டி வந்தார். அவர் வைத்திருந்த பத்திரம், வீட்டோடும் ஏனைப் பொருள்களோடும், 2004ஆம் ஆண்டு மார்கழி 26ஆந் திகதி ஆழிப்பேரலையோடு போயிற்று. சேர்விலக்கம் மட்டும் அவர்க்கு மனனமாயிருந்தது: 4-37. தொடக்கப் பிரிவிலே சேர்ந்தோர்க்கு வகுப்பெண்ணையும் வரிசையெண்ணையும் எழுதி இடையிலே ஒரு சிறுகோடு இடுதல் அங்கு வழக்கம். நேரே மேற்பிரிவிற் சேர்ந்தோர்க்குக் கோடில்லாத எண். எழுதுவினைஞர் அவ்விலக்கத்தைத் தட்டினார். அப்படியொரு பதிவு இல்லை என்றது கணினி. மும்முறை தட்டியும் அதே விடைதான் வந்தது.

"தம்பி, கடல் கொண்டு போனதை நான் கேட்கவில்லை. உங்கள் புத்தகத்தில் இருப்பதைத்தானே கேட்கிறேன்" என்றார் பெரியவர். அச்சொற்கள் இன்றும் என் செவியில் உள்ளன.

அலுமாரியைத் திறந்து பழைய இடாப்பை எடுத்தோம். அவர் பெயரும், தந்தையார் பெயரும், பிறந்த திகதியும் மை மங்காமல் இருந்தன. அப்பக்கத்தைக் கணினிக்கு வாசித்துக் கொடுத்தவனும் யானே. எவ்வாறோ விடுபட்டதுபோலும் என்றெண்ணிய எழுதுவினைஞர் அப்பதிவை மீண்டும் ஏற்றினார். கணினியும் மறுப்பின்றி ஏற்றுக்கொண்டது. பெரியவர் பிரதியைப் பெற்றுச் சென்றார்.

மறுநாள் முழுப்பட்டியலையும் அச்சிட்டுப் பார்த்தபோது வியப்பு மேலிட்டது. அவர் பெயர் இரண்டு இடங்களிலே இருந்தது! ஒரே சேர்விலக்கம் இருமுறை வரலாகாதென்று தரவுத்தளத்திலே விதி செய்திருந்தோம். தேடியபோது இல்லாத பெயர் பட்டியலிடும்போது எங்கிருந்து வந்தது? விதி ஏன் உறங்கிற்று? தரவுத்தளத்திலே எவரும் கைவைக்கவில்லை. அதற்கு முந்திய வாரம் கணினியின் இயங்குதளத்தைப் புதுப்பித்தது ஒன்றே நடந்த மாற்றம். இவ்வினாக்களுக்கு விடை காணவேண்டுமாயின், முதலிலே பொதுநூலின் இயல்பை அறிதல் வேண்டும்.

பொதுநூல் என்பது யாது?

மென்பொருள் ஒவ்வொன்றும் பல சிறு செயல்களாலாகியது. கோப்பைத் திறத்தல், இரு சொற்களில் எது முந்தியதென ஒப்பிடுதல், செய்தியை மறைமொழியாக்குதல் ஆகியவை எல்லா மென்பொருளுக்கும் பொதுவாக வேண்டப்படும் செயல்கள். இவற்றை ஒவ்வொருவரும் புதிதாக எழுதுவது வீண் உழைப்பு. ஆதலின் வல்லார் சிலர் ஒருமுறை நன்றாக எழுதித் தொகுத்து வைக்கின்றனர். அத்தொகுதியே நூலகம் எனப்படும்.

அத்தொகுதியைப் பயன்படுத்த இரண்டு வழிகள் உள்ளன. மென்பொருளை ஆக்கும்போதே வேண்டிய பகுதிகளைப் படியெடுத்து அதனுள்ளேயே சேர்த்துவிடுதல் ஒரு வழி. இதனை நிலையிணைப்பு என்போம். அகராதியின் பக்கங்களைப் பெயர்த்தெழுதித் தன் கொப்பியிலே ஒட்டிக்கொள்ளும் மாணாக்கனை இது ஒக்கும். மற்றொரு வழியிலே, இன்ன நூலின் இன்ன செயல் எனக்கு வேண்டும் என்ற குறிப்பை மட்டும் மென்பொருள் தன்னிடம் வைத்திருக்கும். அது இயங்கத் தொடங்கும்போது, இணைப்பி எனப்படும் சிறிய நிரல் அந்நூலைத் தேடி எடுத்து அதனோடு பொருத்திவிடும். இதுவே இயங்குநிலை இணைப்பு. அமெரிக்காவிலே 1960களில் உருவான 'மல்டிக்ஸ்' என்னும் இயங்குதளத்திலேயே இம்முறை கையாளப்பட்டது. இன்று ஏறக்குறைய எல்லா இயங்குதளங்களிலும் இது வழக்கமாகிவிட்டது.

விண்டோஸ் கணினியில் இத்தகைய கோப்புக்களின் பெயர் 'டி.எல்.எல்.' என்று முடியும். லினக்ஸ் கணினியில் 'எஸ்.ஓ.' என்று முடியும். அதன்பின் ஓர் எண்ணும் வரும். அவ்வெண்ணை அற்பமாகக் கருதலாகாது. நூலுக்குள்ளே சிறு பிழைகளைத் திருத்தினால் அவ்வெண் மாறுவதில்லை. பழைய மென்பொருளோடு பொருந்தாதவாறு நூலின் அமைப்பே மாறினால் அவ்வெண்ணையும் மாற்றுதல் மரபு. ஆகவே பழைய எண்ணுடைய நூலைக் கேட்கும் மென்பொருளுக்குப் புதிய எண்ணுடையதைக் கொடுத்தால் அது இயங்க மறுத்துவிடும். பாடத்திட்டம் மாறியபின் பழைய பதிப்பின் பக்க எண்ணைச் சொல்லிப் புதிய பதிப்பிலே தேடுவது போன்றதே இதுவும்.

இம்முறையினால் விளையும் நன்மை பெரிது. நூறு மென்பொருள்கள் ஒரே நேரத்தில் இயங்கினாலும், அவை பயன்படுத்தும் பொதுநூலின் கட்டளைப் பகுதி நினைவகத்தில் ஒரு படியாகவே இருக்கும். ஒவ்வொன்றுக்கும் உரிய தரவுகள் மட்டும் தனித்தனியே வைக்கப்படும். வட்டிலும் இடம் மிச்சமாகும். எல்லாவற்றினும் மேலாக, நூலிலே பிழையொன்று கண்டுபிடிக்கப்பட்டால் ஒரு கோப்பைத் திருத்தினாற் போதும். அதனை நம்பியிருக்கும் அனைத்தும் திருந்திவிடும்.

களஞ்சியமும் காவலும்

இனித் தரவுத்தளத்தை எடுத்துக்கொள்வோம். 'போஸ்ட்கிரெஸ்' என்பது இன்று உலகெங்கும் கட்டணமின்றி வழங்கும் தரவுத்தளம். கலிபோர்னியாவின் பேர்க்லிப் பல்கலைக்கழகத்திலே மைக்கேல் ஸ்டோன்பிரேக்கர் 1986ஆம் ஆண்டிலே தொடங்கிய ஆய்வு முயற்சியே அதன் மூலம். அது தனித்து நிற்பதன்று. மறைமொழிக்கு 'ஓப்பன் எஸ்.எஸ்.எல்.' என்னும் பொதுநூலையும், அடிப்படைச் செயல்களுக்கு 'லிப்-சி' என்னும் பொதுநூலையும் நாடுகின்றது. அதனோடு பேசவரும் பிற மென்பொருள்கள் பலவும் 'லிப்-பிகியூ' என்னும் பொதுநூலின் வாயிலாகவே பேசுகின்றன.

அடையாளச் சரிபார்ப்பின் கதையும் இத்தகையதே. முற்காலத்தில் ஒவ்வொரு மென்பொருளும் கடவுச்சொல்லைத் தானே கேட்டுத் தானே ஒப்பிட்டது. புதியதொரு சரிபார்ப்பு முறை வந்தால் எல்லாவற்றையும் திருத்தி எழுதவேண்டியிருந்தது. 1995ஆம் ஆண்டிலே சன் மைக்ரோசிஸ்டம்ஸ் நிறுவனத்தைச் சேர்ந்த விபின் சாமர், ரோலண்ட் செமர்ஸ் என்னும் இருவர் இதற்கொரு மாற்றுவழியை முன்வைத்தனர். சரிபார்க்கும் வேலையைப் பொதுநூலொன்றிடம் ஒப்படைத்துவிட்டு, ஒவ்வொரு சரிபார்ப்பு முறையையும் தனித்தனிக் கூறாக அதனோடு பொருத்தலாம் என்பதே அவர்தம் கருத்து. 'பி.ஏ.எம்.' எனப்படும் அம்முறை லினக்ஸ் கணினிகளிலே இன்றும் வழங்குகின்றது. போஸ்ட்கிரெஸும் வேண்டுமாயின் தன் வாயிற்காவலை அதனிடமே விட்டுவிடலாம். வாயிலுக்கொரு காவலனை வைப்பதை விடுத்துக் காவலர்க்கெல்லாம் ஒரு தலைவனை வைத்தமை போன்றது அது.

களஞ்சியமும் காவலும் பொதுநூலிலே சந்திக்கும் இடத்துக்கு ஓர் எடுத்துக்காட்டுக் கூறுவேன். போஸ்ட்கிரெஸின் பத்தாம் பதிப்பு 2017ஆம் ஆண்டிலே வெளிவந்தது. முந்தியதினும் வலிய கடவுச்சொல் முறையொன்று அதிலே புகுத்தப்பட்டது. 2021இல் வந்த பதினான்காம் பதிப்பிலே அதுவே இயல்பான முறையாயிற்று. இந்நிலையிலே தரவுத்தளத்தை மட்டும் புதுப்பித்துப் புதிய முறையிலே கடவுச்சொற்களை அமைத்துவிட்டு, மற்றைக் கணினிகளில் உள்ள பழைய 'லிப்-பிகியூ'வை அப்படியே விட்டால் என்ன நேரும்? கடவுச்சொல் சரியாயிருக்கும், பயனாளரும் உண்மையானவராயிருப்பார், ஆயினும் வாயில் திறவாது. புதிய முறையைப் பழைய நூல் கற்கவில்லை. பத்தாம் பதிப்பின் அல்லது அதற்குப் பிந்திய 'லிப்-பிகியூ' வேண்டும் என்று கணினியே செய்தி காட்டும். அச்செய்தியை ஊன்றி வாசியாதவர் கடவுச்சொல்லையே திரும்பத் திரும்ப மாற்றி வருந்துவர். வினாவை முழுதும் வாசியாமல் விடை எழுதும் மாணாக்கரை எமக்குத் தெரியுமன்றோ!

வரிசை யாருடைய விதி?

இப்போது பெரியவரின் சேர்விலக்கத்துக்கு மீள்வோம்.

தரவுத்தளம் ஒரு பதிவைத் தேடும்போது முதற் பதிவிலிருந்து இறுதிப் பதிவுவரை வாசித்துக்கொண்டு போவதில்லை. நூலின் ஈற்றிலே சொல்லடைவு இருப்பதுபோலத் தரவுத்தளத்துக்கும் அடைவு ஒன்று உண்டு. அது வரிசைப்படுத்தப்பட்டிருக்கும். அகராதியில் 'மரம்' என்னும் சொல்லைத் தேடுபவன் நடுவே திறந்து, தகரம் கண்டால் வலப்புறமும் வகரம் கண்டால் இடப்புறமும் செல்வதுபோல, தரவுத்தளமும் ஒவ்வொரு படியிலும் முன்னோ பின்னோ என்று தீர்மானித்துச் சில எட்டுக்களில் உரிய இடத்தை அடைந்துவிடும்.

முன்னோ பின்னோ என்பதைத் தீர்மானிக்கும் விதி எங்கே இருக்கின்றது? பெரும்பாலும் அது தரவுத்தளத்துக்குள்ளே இருப்பதில்லை. லினக்ஸ் கணினியில் 'ஜி-லிப்-சி' எனப்படும் பொதுநூலும் அதனோடு வரும் மொழிவிதி அட்டவணைகளுமே அவ்விதியைச் சொல்கின்றன. 2018ஆம் ஆண்டு ஆவணி முதலாந் திகதி வெளிவந்த அந்நூலின் 2.28ஆம் பதிப்பிலே, அனைத்துலகத் தரத்துக்கு இசைய வரிசைவிதிகள் பெருமளவில் மாற்றப்பட்டன. மாற்றியவர்மேற் குற்றமில்லை, பழைய விதிகளிலே குறைகள் இருந்தன. ஆயினும் பழைய விதிப்படி அடுக்கிய அடைவுகளோடு எண்ணற்ற தரவுத்தளங்கள் உலகெங்கும் இயங்கிக்கொண்டிருந்தன.

எங்கள் சேர்விலக்கங்கள் எழுத்துச் சரங்களாகவே பதியப்பட்டிருந்தன. பழைய விதி முதற்பார்வையிலே சிறுகோட்டைக் கணக்கில் எடுப்பதில்லை. ஆதலின் 4-37 என்பது 437க்கு அருகே சென்று அமர்ந்திருந்தது. புதிய விதியோ சிறுகோட்டையும் ஒரு குறியாகக் கொண்டு, அதனை இலக்கங்களுக்கு முன்னே வைத்தது. அதன்படி 4-37 என்பது 40க்கும் முன்னே இருத்தல் வேண்டும். இயங்குதளம் புதுப்பிக்கப்பட்டபோது பொதுநூல் மாறிற்று, விதியும் மாறிற்று. அடைவோ பழைய வரிசையிலேயே கிடந்தது. தேடவந்த தரவுத்தளம் புதிய விதியைப் பின்பற்றி 40க்கு முன்னே சென்று பார்த்தது. அங்கே இல்லை என்று நேர்மையாகவே கூறிற்று. ஒரே இலக்கம் இருமுறை வரலாகாது என்னும் விதியும் அதே அடைவைக்கொண்டே காவல் செய்தமையால், எழுதுவினைஞர் மீண்டும் ஏற்றிய பதிவை அது தடுக்கவில்லை. முழுப்பட்டியலை அச்சிட்டபோது அடைவின் துணையின்றி எல்லாப் பதிவுகளும் வாசிக்கப்பட்டன. அதனாலேயே இரண்டும் வெளிப்பட்டன.

இதனைக் கண்டறிந்தவர் என்னிடம் முன்னாளிற் பயின்ற ஓர் இளைஞர். பரிகாரம் எளிது என்றார் அவர். அடைவைப் புதிய விதிப்படி மீள அடுக்கவேண்டும். ஆனால் இரட்டைப் பதிவு இருக்கும்வரை அவ்வேலை முற்றுப்பெறாது. முதலிலே மிகையான பதிவை நீக்குதல் வேண்டும். பழைய இடாப்போடு ஒவ்வொன்றாக ஒப்பிட்டு இரட்டித்த பதிவுகளைக் களைந்தபின் அடைவு மீள அடுக்கப்பட்டது. 4-37 மீண்டும் தன் இடத்தைப் பெற்றது.

தமிழாசிரியன் என்ற முறையில் இங்கே ஒன்று கூறாமல் அமையேன். வரிசை என்பது நமக்குச் சிறு பொருளன்று. தொல்காப்பியம் எழுத்துக்களைக் கூறும்போதே அகரத்தில் தொடங்கி னகரத்தில் முடியும் முறையை வகுத்தது. கணினியிலே தமிழெழுத்துக்களுக்கு எண் கொடுக்கும் யூனிக்கோட்டு அட்டவணை இம்முறையைப் பின்பற்றவில்லை. இந்திய மொழிகளுக்கெல்லாம் ஒத்த இடங்களை ஒதுக்கியதால் னகரம் நகரத்தை அடுத்தும், றகரம் ரகரத்தை அடுத்தும் வைக்கப்பட்டன. அவ்வெண்களை மட்டும் நோக்கி வரிசைப்படுத்தினால் 'கனகசபை' முன்னும் 'கபிலன்' பின்னும் வரும். நம் அகராதியிலோ கபிலனே முன்னவன். நம் மரபுவரிசையைக் கணினிக்குக் கற்பிப்பன பொதுநூல்களும் அவற்றின் மொழிவிதி அட்டவணைகளுமே. அவற்றுள் ஒன்றன் பெயர் 'ஐ.சி.யூ.', வைத்தியசாலையின் தீவிர சிகிச்சைப் பிரிவென்று மயங்கற்க! போஸ்ட்கிரெஸ் 2017 முதல் அதனையும் பயன்படுத்தவல்லது. நம் இலக்கணவிதி அத்தகைய அட்டவணையொன்றிலே சரியாக எழுதப்பட்டால் அதனை நாடும் மென்பொருள்களெல்லாம் தமிழை முறையே அடுக்கும். பிழையாக எழுதப்பட்டால் அத்தனையும் பிழைபடும். ஆதலின் இது பொறியியலார் மட்டும் பார்த்து முடிக்கும் வேலையன்று. தமிழ் கற்றோரும் உடனிருத்தல் வேண்டும்.

அரை விநாடித் தாமதம்

பொதுநூலிலே தெரியாமல் நேர்ந்த பிழையால் வருந்தீங்குக்கும், தெரிந்தே வைத்த நஞ்சால் வருந்தீங்குக்கும் உலகறிந்த சான்றுகள் உள.

முன்னையதற்குச் சான்று, 2014ஆம் ஆண்டு சித்திரை 7ஆந் திகதி வெளிப்பட்ட 'ஹாட்பிளீட்' என்னும் வழு. மேற்கூறிய ஓப்பன் எஸ்.எஸ்.எல். நூலின் 2012ஆம் ஆண்டுப் பதிப்பொன்றிலே, வந்த செய்தியின் நீளத்தைச் சரிபாராத சிறு தவறொன்று புகுந்தது. அதனால் அயலார் ஒருவர் சேவையகத்தின் நினைவகத்திலிருந்து ஒரு தடவைக்கு 64 கிலோபைற்று வரை வாசித்துவிடக்கூடியதாயிற்று. கடவுச்சொற்களும் மறைதிறவுகளும் அவ்வாறு கசியக்கூடும். இரண்டாண்டுகளாக அத்துளை எவர் கண்ணிலும் படவில்லை. திருத்திய நூல் அன்றே வெளிவந்தது. ஆயினும் இங்கே நுண்ணியதொன்று உண்டு. வட்டிலே உள்ள கோப்பை மாற்றிவிட்டாலும், முன்னரே இயங்கிக்கொண்டிருக்கும் மென்பொருள் தான் எடுத்துவைத்த பழைய படியையே நினைவகத்திற் கொண்டிருக்கும். அதனை நிறுத்தி மீண்டும் தொடக்கினாலன்றித் திருத்தம் பயன்படாது.

பின்னையதற்குச் சான்று 2024ஆம் ஆண்டில் நேர்ந்தது. மைக்ரோசொப்ட் நிறுவனத்திலே பணிபுரியும் அன்ட்ரெஸ் பிரொயின்ட் என்பவர் போஸ்ட்கிரெஸை ஆக்குவோருள் ஒருவர். அவர் தரவுத்தளத்தின் வேகத்தை அளக்க முற்பட்டபோது, தொலைவிலிருந்து கணினியினுள் நுழைய உதவும் 'எஸ்.எஸ்.எச்.' மென்பொருள் வழக்கத்துக்கு மாறாக உழைப்பதைக் கண்டார். நுழைவதற்கு ஏறக்குறைய அரை விநாடி கூடுதலாயிற்று. மற்றொருவராயின் அதனைப் பொருட்படுத்தாது விட்டிருப்பர். அவர் காரணத்தைத் தேடிச் சென்றார்.

கோப்புக்களைச் சுருக்கி வைக்கப் பயன்படும் 'எக்ஸ்-இசட்' என்னும் தொகுப்பின் பொதுநூலிலே கள்ளவழியொன்று மறைக்கப்பட்டிருந்தது. நுழைவாயில் மென்பொருளுக்கும் சுருக்க நூலுக்கும் நேரடி உறவு ஒன்றுமில்லை. ஆயினும் சில லினக்ஸ் வெளியீடுகளிலே நுழைவாயில் மென்பொருள் இன்னொரு பொதுநூலை நாடியது. அந்நூல் சுருக்க நூலை நாடியது. அவ்வாறு அயலாரின் அயலாராக வந்த கோப்பு, வாயிற்காவலின் நெஞ்சகத்திலே கைவைக்க முடிந்தது. இதனைப் புகுத்தியவர் ஏறக்குறைய இரண்டாண்டுக்கு மேலாக நல்ல உதவியாளராக உழைத்து, அத்தொகுப்பைத் தனித்துப் பேணிவந்தவரின் நம்பிக்கையைப் பெற்றவர். அவரது பெயர் புனைபெயரென்றே கருதப்படுகின்றது. பிரொயின்ட் 2024ஆம் ஆண்டு பங்குனி 29ஆந் திகதி உண்மையை வெளியிட்டார். அப்போது நஞ்சூட்டிய பதிப்புக்கள் பெரும்பாலும் சோதனை வெளியீடுகளையே அடைந்திருந்தன. ஆதலாற் பேரிழப்பு நேராது தப்பிற்று.

இதிலிருந்து யான் கற்றது யாதெனில், பொதுநூலைப் பேணுவோர் பலராயிருப்பர் என்று நாம் எண்ணிக்கொள்கின்றோம். உண்மையில் அது சோர்வுற்ற ஒருவரின் தோளிலே தனித்து நிற்றலும் கூடும் என்பதே. எல்லார்க்கும் உரியது எவராலும் கவனிக்கப்படாது போதல் உலகியற்கை.

முகத்துவாரமும் பொதுநூலும்

இவ்வுண்மை வாவிக்கரையிற் பிறந்த நமக்குப் புதிதன்று. மாரியிலே வெள்ளம் பெருகிப் படுவான்கரை வயல்களை மூடும்போது, முகத்துவாரத்து மணற்றிட்டை வெட்டிவிடும்படி கமக்காரர் வேண்டுவர். வெட்டினால் வயல் தப்பும். ஆனால் கடல்நீரின் வரவும் வாவிநீரின் உவர்ப்பும் மாறும். மீனும் இறாலும் நம்பி வாழ்வோரின் தொழிலிலும் அம்மாற்றம் தெரியும். வாய் ஒன்றைத் திறந்தால் எழுவான்கரையும் படுவான்கரையும் ஒருங்கே உணரும். ஆதலின் வெட்டுமுன் இருகரையாரையும் கேட்டுச் செய்வதே அறிவுடைமை. வயலை மட்டும் பார்ப்பவன் வாவியை அறியான்.

பொதுநூலை மாற்றுபவனும் அதனை நம்பியிருப்போர் யாவர் என்று முன்னரே கேட்டறிதல் வேண்டும். எங்கள் பெரியவர் விடயத்திலே இயங்குதளத்தைப் புதுப்பித்தவர் தம் வேலையைச் செம்மையாகவே செய்தார். தரவுத்தளத்தை அமைத்தவரும் செம்மையாகவே அமைத்தார். இருவர்க்கும் இடையிலே இருந்த பொதுநூலை எவரும் எண்ணவில்லை.

மாணாக்கர்க்குச் சில சொற்கள்

கணினித்துறை புகவிரும்பும் நம் மாணாக்கர்க்கு இவ்வனுபவத்திலிருந்து சில கூறி முடிக்கின்றேன்.

ஒரு மென்பொருள் எந்தெந்தப் பொதுநூல்களை நாடுகின்றது என்பதை லினக்ஸிலே 'எல்-டி-டி' என்னும் கட்டளை பட்டியலிட்டுக் காட்டும். நும் பொறுப்பிலுள்ள தரவுத்தளத்துக்கும் சரிபார்ப்பு மென்பொருளுக்கும் அப்பட்டியலை ஒருமுறையேனும் எடுத்து வாசிக்க. நம்பத்தகாத இடத்திலிருந்து வந்த மென்பொருள்மேல் அக்கட்டளையையும் ஏவற்க. அது அம்மென்பொருளின் கட்டளைகளையே இயக்கிவிடுதல் கூடும்.

பொதுநூற் கோப்பைக் காணவில்லை என்ற செய்தி வரின், அதே பெயருடைய கோப்பை எங்கிருந்தோ கொணர்ந்து வைக்கற்க. பெயரொத்தவை எல்லாம் பொருளொத்தவை ஆகா. எண்ணை நோக்குக, இயங்குதளத்தின் முறையான தொகுப்பிலிருந்தே அதனைப் பெறுக. வேண்டாத கோப்பென்று கருதிப் பொதுநூலை அழித்தலும் தகாது. சரிபார்ப்பு நூல் அழிந்தால் கணினிக்கு உரியவனே வாயிலுக்கு வெளியே நிற்பான்.

இயங்குதளத்தைப் புதுப்பிக்குமுன் தரவுகளுக்குப் பிரதி எடுத்து வேறொரு கணினியிலே சோதித்துப் பார்க்க. வரிசைவிதி மாறியதாயின் அடைவுகளை மீள அடுக்குக. 2024இல் வெளிவந்த போஸ்ட்கிரெஸின் பதினேழாம் பதிப்பிலே, புறத்து நூலை நாடாமல் தன்னுள்ளேயே வரிசைவிதியை வைத்துக்கொள்ளும் வசதியும் உண்டு. அது எழுத்துக்களின் எண்வரிசையையே பின்பற்றுவதாதலின் மாறாத் தன்மை வேண்டும் இடத்துக்கு உதவும். தமிழ் அகரவரிசை வேண்டும் இடத்துக்கு உதவாது. எதற்கு எது தகும் என்று தேர்தல் நும் கடன்.

ஈற்றிலே, பழைய இடாப்பை எறியற்க. எங்கள் வழுவைக் காட்டிக்கொடுத்ததும், திருத்தியபின் சரியென்று உறுதிசெய்ததும் அத்தாளேயாகும்.

அப்பாடசாலையிலே அடைவைச் செப்பஞ்செய்த மாலை, இளைஞர் என்னையே தட்டிப் பார்க்கும்படி கூறினார். யான் 4-37 என்று தட்டினேன். நாவலடிப் பெரியவரின் பெயர் திரையிலே எழுந்தது. அவர் அங்கே இல்லை. தாம் ஒரு வாரம் கணினிக்குள் இல்லாமற்போயிருந்ததும் அவர்க்குத் தெரியாது. தம் பெயர் புத்தகத்தில் இருக்கின்றது என்னும் உறுதியோடு அவர் சென்றிருந்தார். அவ்வுறுதியை மெய்யாக வைத்திருத்தல் நம் கடன். நம் கல்லூரித் தாயின் இடாப்பிலும் எத்தனையோ பெயர்கள் உள்ளன; அவற்றுட் பலவற்றுக்கு உரியோர் இன்று கடல்கடந்து வாழ்கின்றனர். எங்கிருந்து எவர் கேட்பினும் இருக்கின்றது என்று கல்லூரி விடை கூறும்படி அவ்விடாப்பைக் காக்கும் நன்மாணாக்கர் மேலும் மேலும் இங்கே தோன்றுக என இவ்விழாக் காலத்திலே வாழ்த்துகின்றேன்.